அடிக்கடி ஹேங் ஆன ஒரு பழைய பிளேஸ்டேஷன் 3: நிகழ்வு ஆய்வு

பின்னணி

கோவையில் லேப்டாப்பும் கேம் கன்சோலும் பழுது பார்க்கும் எங்கள் சிறிய கடைக்கு வந்த வேலை இது. கொண்டுவந்தவர் பொள்ளாச்சிப் பக்கத்தைச் சேர்ந்த ஒரு கல்லூரி மாணவி. கன்சோல் அவருக்கும் அவருடைய அண்ணனுக்கும் பொது. அண்ணன் பெங்களூருவில் வேலையில் இருக்கிறார். பள்ளிக் காலத்திலிருந்து இருவரும் சேமித்துவைத்த ஆட்ட முன்னேற்றங்கள் (சேவ்) எல்லாம் அந்த ஒரே பெட்டிக்குள்தான் இருந்தன. வேறெங்கும் நகல் கிடையாது.

கன்சோல் பிளேஸ்டேஷன் 3, ஸ்லிம் மாடல், 2500 வரிசை. 2010-இல் சந்தைக்கு வந்த ரகம். உள்ளே 160 ஜிபி ஹார்ட் டிஸ்க், அதுவும் பெட்டியோடு வந்த அதே டிஸ்க். இதுவரை யாரும் திறந்ததில்லை.

மாடலைச் சரியாகக் குறித்துக்கொள்வதற்குக் காரணம் உண்டு. 2006-இல் வந்த முதல் ரகத்தை எல்லோரும் 'ஃபேட்' என்பார்கள். அதில் பிரதானச் சிப்பும் கிராபிக்ஸ் சிப்பும் 90 நானோமீட்டர் தொழில்நுட்பத்தில் செய்தவை. மின்சாரமும் அதிகம் இழுக்கும், சூடும் அதிகம். மஞ்சள் விளக்கு ஒரு கணம் எரிந்து, மூன்று பீப் சத்தத்தோடு சிவப்பு மினுக்கத் தொடங்கி அப்படியே செத்துப்போவது அந்த ரகத்தின் பேர்போன நோய். 2009-இல் ஸ்லிம் வந்தபோது பிரதானச் சிப் 45 நானோமீட்டருக்கு இறங்கிவிட்டது, சூடும் குறைந்தது. பழைய ரகத்துக்குச் சொல்லப்பட்ட வைத்தியத்தை இதற்கும் அப்படியே செய்வதால்தான் பல நல்ல ஸ்லிம் பெட்டிகள் வீணாகின்றன.

வாடிக்கையாளர் சொன்னது

சில மாதங்களாக ஆட்டத்தின் நடுவே படம் அப்படியே நின்றுவிடுகிறது. சில நேரம் பின்னணி இசை மட்டும் ஓடிக்கொண்டிருக்கும். சில நேரம் ஒரே சத்தத் துணுக்கு திரும்பத் திரும்ப வரும். கன்ட்ரோலரில் நடுப் பொத்தானை அழுத்தினாலும் பதில் இல்லை. பவர் பொத்தானை அழுத்திப் பிடித்து அணைத்தால்தான் உண்டு. மறுபடி போட்டால், ஹார்ட் டிஸ்க்கில் உள்ள கோப்பு அமைப்பு சிதைந்திருக்கிறது, சரிசெய்யப்படும் என்று ஒரு அறிவிப்பு வரும். ஏதோ ஓடிமுடிந்து மெனு திறக்கும். முதலில் வாரத்துக்கு ஒருமுறை இருந்தது. பிறகு தினமும் ஆகிவிட்டது.

ஊரிலேயே ஒரு கடையில் காட்டியிருக்கிறார்கள். பார்த்தவர் பெட்டியைத் திறக்காமலே, சிப்பைப் போர்டோடு பிடித்துவைக்கும் சோல்டர் சூட்டில் விட்டுவிட்டது, போர்டைச் சூடுகாட்டிச் சிப்பை எடுத்துப் புது சோல்டரில் உட்காரவைக்க வேண்டும், அதாவது ரீபால் செய்ய வேண்டும் என்று சொல்லி ஒரு தொகையும் கேட்டிருக்கிறார். அண்ணன் ஃபோனில், "சேஃப் மோடு போயி ரீபில்டு டேட்டாபேஸ் போடு, சரியாயிடும்" என்று சொல்ல, இவரும் போட்டிருக்கிறார். சேஃப் மோடு என்பது பழுது நீக்குவதற்கென்று கன்சோலில் உள்ள தனி மெனு. பாதியில் நகராமல் நின்றுவிட்டது. வெகுநேரம் காத்திருந்துவிட்டு அணைத்திருக்கிறார்.

கடையில் அவர் எங்களிடம் கேட்டார்: "அண்ணா, சூடுதானுங்களே காரணம்? ஃபேன் வேற சத்தமா ஓடுது."

"இருக்கலாம்மா. போட்ட உடனே நிக்குதா, ரொம்ப நேரம் விளையாடின பிறகு நிக்குதா?"

"அது கணக்கே இல்லீங்க. காலைல போட்ட அஞ்சு நிமிஷத்துல நின்னுருக்கு. அன்னைக்கே சாயந்திரம் ரெண்டு மணி நேரம் படம் பாத்தோம், ஒண்ணும் ஆகல."

இந்தக் கடைசி வாக்கியம்தான் வேலையின் போக்கைத் தீர்மானித்தது. பழுது பார்ப்பவர்கள் 'என்ன ஆச்சு' என்று கேட்ட அளவுக்கு 'எப்போது ஆகவில்லை' என்று கேட்பதில்லை.

கடையில் கவனித்தவை

பெட்டியைத் திறக்காமல் முதலில் மேசையில் ஓடவிட்டோம். அறை வெப்பநிலையில் ஒரு இரவு முழுக்க அணைந்திருந்த கன்சோலைக் காலையில் போட்டு, அவர் சொன்ன அதே ஆட்டத்தை ஏற்றினோம். ஒரு கட்டத்திலிருந்து அடுத்த கட்டத்துக்கு மாறும் ஏற்றுத் திரையில் நின்றது. காற்று வெளியேறும் பக்கத்தில் கைவைத்தால் லேசான வெதுவெதுப்புதான். முன்பக்கத்தில் டிஸ்க் இயங்குவதைக் காட்டும் சிறு விளக்கு மட்டும் மினுக்காமல் ஒரே நிலையாக எரிந்துகொண்டே இருந்தது. காதை அருகில் வைத்தால் ஒரு தட்டல், சிறு இடைவெளி, மறுபடி அதே தட்டல். டிஸ்க் ஒரே இடத்தைப் படிக்க முடியாமல் திரும்பத் திரும்ப முயலும்போது வரும் ஒலி அது.

பிறகு ப்ளூ-ரே படம் ஒன்றைப் போட்டு முழுமையாக ஓடவிட்டோம். நிற்கவில்லை. படம் ஓடும்போது தட்டிலிருந்துதான் தரவு வருகிறது, ஹார்ட் டிஸ்க்குக்கு வேலை மிகக் குறைவு. ஆட்டமோ தட்டில் இருந்தாலும் பெரும்பகுதியை ஹார்ட் டிஸ்க்கில் நிறுவிவைத்துக்கொண்டு அங்கிருந்தே இழுக்கும். போதாக்குறைக்கு அடிக்கடி தானாகச் சேமிக்கும். சூடு காரணம் என்றால் இரண்டு மணி நேரப் படத்திலும் ஏதாவது அறிகுறி தெரிய வேண்டும். கிராபிக்ஸ் சிப்பின் சோல்டர் பிரச்சினை என்றால் நிற்பதற்கு முன் படத்தில் கோடுகள், நிறச் சிதறல், சதுரம் சதுரமான புள்ளிகள் வருவது வழக்கம். இங்கே உறைந்த படம் கண்ணாடி போலத் தெளிவாக இருந்தது.

மீதிச் சந்தேகங்களைச் சீக்கிரம் முடித்தோம். இணையத்தைத் துண்டித்தும், வேறு கன்ட்ரோலரைக் கேபிளில் இணைத்தும், வேறு ஆட்டத் தட்டைப் போட்டும் பார்த்தோம். நிற்பது நிற்கவில்லை. சுவர் பிளக்கில் வோல்டேஜ் சீராக இருந்தது. தேதியும் நேரமும் மட்டும் பிளக்கைப் பிடுங்கும் ஒவ்வொரு முறையும் அழிந்துபோயின. உள்ளே இருக்கும் சிஆர்2032 பட்டன் பேட்டரி தீர்ந்துவிட்டது என்று பொருள். அதற்கும் ஹேங் ஆவதற்கும் சம்பந்தம் இல்லை, குறித்துக்கொண்டதோடு சரி.

டிஸ்க்கை வெளியே எடுத்துப் பார்த்தது

இந்த மாடலில் ஹார்ட் டிஸ்க்கை எடுக்கப் பெட்டியைப் பிரிக்க வேண்டியதில்லை. அடிப்பக்கத்தில் சிறு மூடி. அதற்குள் நீல நிறத்தில் ஒரே ஒரு ஸ்க்ரூ. அதைக் கழற்றி, டிஸ்க் மாட்டியிருக்கும் சட்டத்தை இழுத்தால் வந்துவிடும். டிஸ்க்கை மாற்றும் முறை கன்சோலோடு வரும் கையேட்டிலேயே உண்டு. உள்ளே இருப்பது லேப்டாப்பில் போடும் சாதாரண இரண்டரை அங்குல சாட்டா டிஸ்க்தான்.

கம்ப்யூட்டரில் மாட்டியதும் விண்டோஸ், இந்த டிஸ்க் தயார்நிலையில் இல்லை, தயார்செய்யட்டுமா என்று கேட்கும். 'ஆம்' என்று அழுத்தினால் கதை முடிந்தது. கன்சோல் தன் டிஸ்க்கில் உள்ள எல்லாவற்றையும் தனக்கே உரிய சாவியால் பூட்டி எழுதுகிறது. கம்ப்யூட்டருக்கு அது வெறும் குப்பை மாதிரி தெரியும். அதனால் நாங்கள் இந்த வேலைக்கு விண்டோஸைத் தொடுவதில்லை, லினக்ஸ் லேப்டாப்தான்.

உள்ளடக்கம் படிக்க முடியாததாக இருந்தாலும், டிஸ்க் தன் உடல்நிலையைப் பற்றித் தானே வைத்திருக்கும் குறிப்பைப் படிக்கலாம். ஸ்மார்ட் என்பது அதன் பெயர். கன்சோலின் மெனுவில் இதைப் பார்க்க வழியே இல்லை என்பதால்தான் வீட்டில் இருப்பவர்கள் இந்தப் பக்கம் யோசிப்பதில்லை. நாங்கள் பார்த்தவை நான்கு வரிசைகள். செக்டர் என்பது டிஸ்க்கில் தரவு எழுதப்படும் சிறு கட்டம். 5-ஆம் எண், மாற்று இடம் ஒதுக்கப்பட்ட செக்டர்கள். 197, படிக்க முடியாமல் தீர்ப்புக்காகக் காத்திருக்கும் செக்டர்கள். 198, சோதனையில் மீட்க முடியாதவை. 199, கேபிள் வழித் தரவுப் பிழைகள். 5-இல் சிறிய எண்ணிக்கை. 197-இலும் 198-இலும் நூற்றுக்கணக்கில். 199 பூஜ்யம். கேபிளிலோ கனெக்டரிலோ பிரச்சினை என்றால் கடைசி வரிசைதான் ஏறியிருக்கும். ஏறாதது, கோளாறு டிஸ்க்குக்குள் சுழலும் தகட்டிலேயே என்று காட்டியது.

இப்போது எல்லாம் பொருந்தின. லேப்டாப் ரக டிஸ்க் ஒரு செக்டரைப் படிக்க முடியாவிட்டால் உடனே கைவிடாது. பல நொடிகள், சில நேரம் அதற்கும் மேல், திரும்பத் திரும்ப முயலும். அந்த நேரம் முழுக்க ஆட்டம் தரவுக்காகக் காத்து நிற்கிறது. பார்ப்பவருக்கு அது ஹேங். பவரை அழுத்தி அணைக்கிறார்கள். எழுதிக்கொண்டிருந்த ஏதாவது பாதியில் அறுகிறது, கோப்பு அமைப்பு சிதைகிறது. அடுத்த முறை போடும்போது கன்சோல் அதைச் சரிசெய்ய அதே நோஞ்சான் டிஸ்க்கை மேலும் புரட்டுகிறது. பழுது தன்னைத்தானே வளர்த்துக்கொள்ளும் சுற்று இது. ரீபில்டு டேட்டாபேஸ் பாதியில் நின்றதும் இதனால்தான். அந்தக் கட்டளை கெட்ட டிஸ்க்கை நல்லதாக்காது. டிஸ்க்கில் உள்ளவற்றை எல்லாம் துழாவி அட்டவணையைப் புதிதாக எழுதும், அவ்வளவுதான். டிஸ்க் ஆரோக்கியமாக இருந்து அட்டவணை மட்டும் குழம்பியிருந்தால் அருமையான மருந்து. சாகக்கிடக்கும் டிஸ்க்கில் அது கடைசி அடி.

எடுத்த முடிவுகளும் காரணங்களும்

முதல் கேள்வி, சரிசெய்வதா காப்பாற்றுவதா. வாடிக்கையாளரிடம் நேராகவே கேட்டோம். "புது டிஸ்க் போட்டா கன்சோல் நாளைக்கே ஓடும். ஆனா பழசு எல்லாம் போயிடும். சேவ் வேணும்னா நேரம் ஆகும், எல்லாம் கிடைக்கும்னு உறுதி சொல்ல முடியாது." அண்ணனுக்கு ஃபோன் போட்டுப் பேசிவிட்டு, "சேவ்தாங்க வேணும், கன்சோல் ரெண்டாவது" என்றார். அண்ணன் இணையக் கடையில் வாங்கிய ஆட்டங்களை மறுபடி இறக்கிக்கொள்ளலாம். 2021 மார்ச்சில் பிளேஸ்டேஷன் 3-இன் இணையக் கடையை மூடப்போவதாக சோனி அறிவித்து, அடுத்த மாதமே முடிவை மாற்றிக்கொண்டதால் அந்த வழி திறந்தே இருக்கிறது. தட்டில் உள்ள ஆட்டங்கள் தட்டில் இருக்கின்றன. திரும்ப வாங்க முடியாதது சேவ் மட்டும்தான். வாடிக்கையாளர் சொன்னதும் இதற்கு ஒத்துப்போனது.

இரண்டாவது, எந்த வழியில் காப்பாற்றுவது. கன்சோலிலேயே பேக்கப் வசதி உண்டு. வெளி டிஸ்க்கில் எல்லாவற்றையும் மொத்தமாக எடுத்துவைக்கும். ஆனால் அது மூலடிஸ்க் நலமாக இருக்கிறது என்று நம்பி எழுதப்பட்ட வசதி. நடுவில் ஒரு கோப்பைப் படிக்க முடியாவிட்டால் அதைத் தாண்டிப் போகத் தெரியாது, கன்சோலோடு சேர்ந்து நின்றுவிடும். சேவ்களை ஒவ்வொன்றாகப் பென்டிரைவில் நகலெடுக்கவும் முடியும். அதிலும் சில ஆட்டங்களின் சேவ்கள் நகலெடுக்க விடாமல் பூட்டப்பட்டவை. அதைவிட முக்கியம், கெட்ட செக்டரைத் தொட்டால் கன்சோல் உறைகிறது. கம்ப்யூட்டரில் அதே செக்டர் ஒரு பிழைச்செய்தி, அவ்வளவுதான். அதனால் கன்சோலில் அந்த டிஸ்க்கை இனிப் போடுவதே இல்லை என்று முடிவெடுத்தோம்.

எடுத்த வழி, செக்டர் செக்டராக அப்படியே நகல் எடுப்பது. பூட்டப்பட்ட தரவு என்றாலும் கவலை இல்லை. பூட்டைத் திறக்காமல் பெட்டியை அப்படியே இன்னொரு இடத்துக்கு நகர்த்துவதுதான் வேலை. சாவி கன்சோலுக்குள் இருக்கிறது, அதே கன்சோலில் நகலை மாட்டினால் திறந்துகொள்ளும். வேறு பிளேஸ்டேஷன் 3-இல் மாட்டினால் திறக்காது. மதர்போர்டு செத்தால் டிஸ்க்கில் உள்ளதும் போனது போலத்தான். முதலில் பார்த்த கடைக்காரர் சொன்ன ரீபாலை இப்போது யோசித்துப் பார்க்கலாம். நன்றாக இருக்கும் போர்டைச் சூடுகாட்டி, அது திரும்பவில்லை என்றால் கன்சோலோடு சேவ்களும் கைவிட்டுப்போயிருக்கும். நிற்பது எதனால் என்று தெரியும்வரை சிப்பின் சூட்டை இழுத்து வெளியேற்றும் ஹீட்சிங்க்கைக்கூடத் தொடக்கூடாது என்று நாங்கள் வைத்ததற்கு இதுவே காரணம்.

நகல் எடுத்த விதம்

இதற்கு லினக்ஸில் இருக்கும் குனூ டிடிரெஸ்க்யூ என்ற இலவச மென்பொருளைப் பயன்படுத்தினோம். சாதாரண நகல் கருவிகள் முதல் பிழையிலேயே முரண்டுபிடித்து நிற்கும். இது வேறு மாதிரி. முதல் சுற்றில் நன்றாகப் படிக்கும் பகுதிகளை மட்டும் அள்ளிக்கொண்டு, தடங்கல் வந்த இடங்களைத் தாண்டிப் போய்விடும். எங்கெங்கே தாண்டியது என்று ஒரு வரைபடக் கோப்பில் எழுதிவைத்துக்கொள்ளும். பிறகு அந்த இடங்களுக்கு மட்டும் திரும்பிவந்து ஓரங்களைச் செதுக்கும். மின்சாரம் போனாலும் வரைபடக் கோப்பு இருந்தால் விட்ட இடத்திலிருந்து தொடரலாம். செத்துக்கொண்டிருக்கும் டிஸ்க்கில் இன்னும் எவ்வளவு ஆயுள் மிச்சம் என்று யாருக்கும் தெரியாது. அந்த ஆயுளை முதலில் எளிதாகக் கிடைப்பதற்குச் செலவழிப்பதுதான் இதன் சூட்சுமம்.

நகல் போய்ச்சேரும் டிஸ்க்காக, பழைய லேப்டாப்பிலிருந்து எடுத்த, ஸ்மார்ட் குறிப்பு சுத்தமாக இருந்த இன்னொரு 160 ஜிபி டிஸ்க்கை எடுத்துக்கொண்டோம். வேறு நிறுவனத்துடையது என்றாலும் 160 ஜிபி என்றால் செக்டர் எண்ணிக்கை 31,25,81,808 என்று ஒரே அளவாக வைத்திருக்கிறார்கள். இரண்டிலும் அது சரியாக இருந்ததைப் பார்த்துக்கொண்டோம். பெரிய டிஸ்க்கில் நேரடியாக நகல் எடுக்காமல் இந்த இடைக்கால டிஸ்க்கைப் போட்டது வேண்டுமென்றேதான். பழையதற்கு அச்சு அசலாக ஒன்றைக் கன்சோல் மறுப்பதற்குக் காரணமே இருக்காது.

கட்டளையில் மூலம் எது, இலக்கு எது என்று இடம்மாறிப் போனால் வெற்று டிஸ்க் சேவ்களின் மேல் எழுதப்படும். அதனால் கடையில் ஒரு வழக்கம். ஒருவர் திரையில் உள்ள சீரியல் எண்ணின் கடைசி நான்கு எழுத்துகளை உரக்கப் படிப்பார், இன்னொருவர் கையில் இருக்கும் டிஸ்க்கின் லேபிளைப் பார்த்து ஆமோதிப்பார். அதன் பிறகுதான் என்டர். பழைய டிஸ்க்கை யூஎஸ்பி அடாப்டரில் மாட்டாமல் நேரடி சாட்டா இணைப்பில் போட்டோம். கெட்ட செக்டரில் டிஸ்க் பதில் சொல்லாமல் இழுக்கும்போது பல யூஎஸ்பி அடாப்டர்கள் பொறுமையிழந்து இணைப்பையே அறுத்துவிடும். மேலே காற்றுப்படும்படி ஒரு சிறு ஃபேன்.

முதல் சுற்று பெரும்பகுதியைத் தடையில்லாமல் வாரிக்கொண்டது. நடுப்பகுதியில் ஒரு பட்டையில் வேகம் பூஜ்யத்துக்கு விழுந்து, தாண்டி, மறுபடி ஏறியது. அடுத்த சுற்றுகள் இரவு முழுக்க ஓடின. காலையில் மிச்சம் இருந்தது சில நூறு கிலோபைட். அதற்கு மேலும் முயலலாம் என்று ஒரு யோசனை வந்தது. தட்டல் ஒலி முந்தைய நாளைவிடக் கூடியிருந்ததால் நிறுத்தினோம். பழைய டிஸ்க்கை நிலைமின்சாரம் தாக்காத உறையில் போட்டு, தேதி எழுதி ஒதுக்கிவைத்தோம்.

பிறகு நடந்தது

நகல் டிஸ்க்கோடு கன்சோல் வழக்கமான சிதைவு அறிவிப்பைக் காட்டியது. படிக்க முடியாத செக்டர்களுக்குப் பதில் பூஜ்யங்கள் போயிருந்ததால் அது எதிர்பார்த்ததுதான். இப்போது அதைச் சரிசெய்ய விட்டோம். சேஃப் மோடில் கோப்பு அமைப்பை மீட்கும் மூன்றாவது தேர்வு, அடுத்து நான்காவதான ரீபில்டு டேட்டாபேஸ். வீட்டில் பாதியில் நின்ற அதே கட்டளை இங்கே சிக்கலில்லாமல் முடிந்தது. டிஸ்க் மாறியதுதான் வித்தியாசம். மெனுவில் இருவருடைய பயனர் பெயர்களும் அப்படியே வந்தன.

நின்றுகொண்டிருந்த ஆட்டத்தை ஏற்றினோம். பழைய இடத்தைத் தாண்டிப் போனது. ஆனால் சற்று நேரத்தில் தரவு சிதைந்திருக்கிறது என்று சொல்லி வெளியே தள்ளியது. இங்கே வாடிக்கையாளர்கள் அடிக்கடி பயப்படுவார்கள். மெனுவில் கேம் டேட்டா, சேவ் டேட்டா என்று இரண்டு தனித்தனிக் கோப்புறைகள் உண்டு. கேம் டேட்டா என்பது தட்டிலிருந்து நிறுவிய பகுதி, அழித்தால் அடுத்த முறை தானாகவே மறுபடி நிறுவிக்கொள்ளும். சேவ் டேட்டாவை அழித்தால் அழிந்ததுதான். கேம் டேட்டாவை மட்டும் அழித்து மறுபடி நிறுவியதும் ஆட்டம் ஒழுங்காக ஓடியது. சேவ்களில் அண்ணனுடைய ஒரு பந்தய ஆட்டத்தின் சேவ் மட்டும் திறக்கவில்லை. அந்தச் சேவ் கெட்ட பட்டையில் இருந்திருக்க வேண்டும். மற்றவை எல்லாம் வந்தன. ஃபோனில் சொன்னபோது, "அந்த கேம் நான் பாதிலயே விட்டதுங்க, பரவால்ல" என்றார்.

அடுத்ததாக, இப்போது நலமான டிஸ்க்கில் இருந்த கன்சோலின் சொந்த பேக்கப் வசதியால் எல்லாவற்றையும் ஒரு வெளி டிஸ்க்கில் எடுத்தோம். அந்த வெளி டிஸ்க் ஃபேட்32 என்ற கோப்பு அமைப்பு முறையில் இருந்தால்தான் கன்சோல் ஏற்கும். விண்டோஸின் வழக்கமான ஃபார்மேட் பெட்டி 32 ஜிபிக்கு மேல் அந்தத் தேர்வைத் தராது, தனிக் கருவி வேண்டும். வீட்டில் முயல்பவர்கள் பலர் தடுக்கி விழும் இடம் இது.

நிரந்தர டிஸ்க்காக, சுழலும் தகடு இல்லாத 240 ஜிபி எஸ்எஸ்டி போட்டோம். வேகத்துக்காக இல்லை. இந்தக் கன்சோலின் சாட்டா இணைப்பு நொடிக்கு 1.5 ஜிகாபிட் என்ற முதல் தலைமுறையைச் சேர்ந்தது, எஸ்எஸ்டியின் முழு வேகம் அங்கே தெரியாது. புதிய இரண்டரை அங்குல ஹார்ட் டிஸ்க் கிடைப்பதே அரிதாகிவிட்டது என்பதுதான் காரணம். சென்னை ரிச்சி ஸ்ட்ரீட் மின்னணுச் சந்தை வரை விசாரித்தாலும், 'புதுசு' என்று கைக்கு வருவதில் துடைத்து லேபிள் ஒட்டிய பழையதும் கலந்திருக்கிறது. எந்த டிஸ்க்கானாலும் வாங்கிய உடனே ஓடிய மணி நேரத்தைப் பார்க்காமல் நாங்கள் போடுவதில்லை.

வெற்று டிஸ்க்கைப் போட்டால் கன்சோல் தன் மென்பொருளையே கேட்கும். அப்டேட் கோப்பைப் பென்டிரைவில் உரிய கோப்புறைப் பெயர்களோடு வைத்திருந்தோம். ஸ்டார்ட், செலக்ட் இரண்டையும் சேர்த்து அழுத்தியதும் நிறுவிக்கொண்டது. பிறகு பேக்கப்பை மீட்டோம். சில நாள் மாலை நேரங்களில் கடையிலேயே அதிலேயே விளையாடிச் சோதித்தோம். ஒருமுறைகூட நிற்கவில்லை. கடையில் வேலை பார்க்கும் பையனொருவன் அந்த நாள்களில் மட்டும் கடையை அடைக்க அவசரப்படவில்லை.

கோடையில் வந்த இரண்டாவது புகார்

ஏப்ரலில் மறுபடி ஃபோன். "அண்ணா, திரும்பவும் வந்துருச்சுங்க." எப்படி நின்றது என்று கேட்டோம். நிற்கவில்லை, பீப் சத்தத்தோடு தானே அணைந்துவிட்டது, சிவப்பும் பச்சையும் மாறிமாறி மினுக்கியது என்றார். அது வேறு பழுது. வெப்பம் எல்லை மீறினால் கன்சோல் தன்னைக் காத்துக்கொள்ள அப்படித்தான் அணையும். எங்கே வைத்திருக்கிறீர்கள் என்று கேட்டதற்கு, டிவிக்குக் கீழே கண்ணாடிக் கதவு போட்ட அலமாரியில், கதவைச் சாத்தி என்று பதில் வந்தது.

இந்த முறை பெட்டியைத் திறந்தோம். ஹீட்சிங்க்கின் இடுக்குகளில் தூசி கம்பளி போலப் படிந்து, ஃபேன் சுழன்றாலும் காற்று போக வழியில்லாமல் இருந்தது. சுத்தம் செய்து, ஹீட்சிங்க்குக்கும் சிப்பின் உலோக மூடிக்கும் நடுவில் சூட்டைக் கடத்தப் பூசியிருக்கும், காய்ந்து பொடியாகியிருந்த தெர்மல் பேஸ்ட்டை மாற்றினோம். உலோக மூடியைப் பெயர்த்து உள்ளேயும் பேஸ்ட் மாற்றுபவர்கள் உண்டு. கத்தி சற்று சறுக்கினால் சிப் போய்விடும், அத்தோடு சாவியும் போய்விடும். தேவைப்படாத வரை நாங்கள் அதைச் செய்வதில்லை. தீர்ந்துபோன பட்டன் பேட்டரியையும் அப்போதே மாற்றியாயிற்று. அலமாரிக் கதவைத் திறந்துவைக்கச் சொன்னோம். அதன் பிறகு புகார் இல்லை.

ஆக, முதலில் அவர்கள் நினைத்த சூடும் பொய்யில்லை. பெட்டியில் இரண்டு கோளாறுகள் இருந்தன, ஒவ்வொன்றுக்கும் தனித்தனி அடையாளம். டிஸ்க்கால் வந்தது உறைந்து நிற்கும், சூட்டால் வந்தது அணைந்துபோகும். இரண்டையும் ஒரே நாளில் சரிசெய்திருந்தால் எது எதைத் தீர்த்தது என்று எங்களுக்கும் தெரிந்திருக்காது.

டிஸ்க் கெட்டதற்கு வயதைத் தவிர வேறு காரணம் உண்டா என்று அண்ணன் கேட்டார். வீட்டில் கரண்ட் போனால் கன்சோல் அணைந்து மறுபடி போட வேண்டியிருக்கும் என்று தங்கை சொன்னது நினைவுக்கு வந்தது. இன்வெர்ட்டர் இருந்தும் அப்படி ஆனதற்குக் காரணம், அதன் பின்பக்கத்து ஸ்விட்ச் சாதாரண முறையில் இருந்ததே. யூபிஎஸ் முறைக்கு மாற்றினால் மாறும் நேரம் குறையும், கன்சோல் தாக்குப்பிடிக்கும். மாற்றிவிட்டார்கள். எழுதும் நேரத்தில் மின்சாரம் அறுவது டிஸ்க்குக்கு நல்லதல்ல என்பது பொதுவான உண்மை. இந்த டிஸ்க்கைக் கெடுத்தது அதுதான் என்று சொல்ல எங்களிடம் ஆதாரம் இல்லை.

நடைமுறையில் மாற்றியவை

கன்சோல் எது வந்தாலும், ஹேங் என்று சொன்னால், ரசீது போடும்போதே இரண்டு கேள்விகள் எழுதிக்கொள்கிறோம்: எந்த வேலையின்போது நிற்கவில்லை, நின்றதா அணைந்ததா. முடிந்தால் நிற்கும் தருணத்தை ஃபோனில் வீடியோ எடுத்துவரச் சொல்கிறோம், முன்பக்க விளக்குகள் தெரியும்படி.

டிஸ்க்கைத் தனியாகக் கழற்ற வசதி உள்ள மாடல்களில், கன்சோலில் மின்சாரம் கொடுப்பதற்கு முன்பே டிஸ்க்கை எடுத்து ஸ்மார்ட் பார்ப்பது முதல் வேலையாகிவிட்டது. இந்த வேலையில் அதற்கு முன் மேசையில் ஓடவிட்டுப் பார்த்தோம். அதனால் தட்டல் ஒலியைக் கேட்க முடிந்தது உண்மைதான். ஆனால் டிஸ்க்கின் மிச்ச ஆயுளில் ஒரு பங்கு அதற்குப் போனது. 197-ஆம் வரிசையில் எண் இருந்தால் இனி நகல் முடியும்வரை கன்சோலில் மாட்டுவதில்லை.

சேஃப் மோடில் எதையும் போட வேண்டாம், அணைத்துவைத்துக் கொண்டுவாருங்கள் என்று ஃபோனில் விசாரிப்பவர்களிடம் முதலிலேயே சொல்லிவிடுகிறோம். மீட்கப்பட்ட சேவ்களைத் திருப்பிக் கொடுக்கும்போது வெளி டிஸ்க்கில் உள்ள பேக்கப்பையும் சேர்த்தே கொடுக்கிறோம். நகலெடுக்கத் தடை உள்ள சேவ்கள் அதே கன்சோலில் மட்டுமே திரும்பும் என்று ரசீதிலேயே எழுதுகிறோம். பழைய டிஸ்க் மூன்று மாதம் கடையில் இருக்கும், அதன் பிறகு வாடிக்கையாளர் வாங்கிக்கொள்ளலாம். இந்தப் பெட்டியின் டிஸ்க்கைத் தங்கை ஏப்ரலில் வந்தபோதே வாங்கிக்கொண்டு போனார்.